எழுத்தால் நாட்டைக் காத்த ஸுல்தான்: மர்ஹூம் ஸுல்தான் அபூபக்கர் வரலாறு

வியாபாரிகளாகிய நமக்கு எழுத்தின் அருமையை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. பற்று வரவு எழுதாத கடை நெடுநாள் நிலைப்பதில்லை. கடன் கொடுக்கல் வாங்கலை எழுதிச் சாட்சியும் வைத்துக்கொள்ளும்படி திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனமான ஸூரத்துல் பகராவின் 282ஆம் வசனம் முஃமின்களுக்குக் கட்டளையிடுகிறது. கடைக்குப் பொருந்தும் இந்த விதி நாட்டுக்கும் பொருந்தும் என்பதைத் தம் வாழ்நாளில் காட்டிச் சென்ற அரசர் ஒருவர், நாம் பிழைக்கும் இந்த ஜொகூர் மண்ணிலேயே இருந்தார். அவர்தாம் மர்ஹூம் ஸுல்தான் அபூபக்கர். ஜொகூர் பாருவில் ஜலசந்தியை நோக்கி மேட்டில் நிற்கும் பெரிய பள்ளிவாசல் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது. அங்கே ஜும்ஆ தொழுது வரும் நம்மில் பலர் அவருடைய பெயரை அறிவோம். வரலாற்றை அறிந்தோர் சிலரே. ஆகவே அதனைச் சுருக்கமாக இங்கே தருகிறோம்.

பாட்டனார் காலத்தில் போன தீவு

அபூபக்கரின் பாட்டனார் தெமெங்கோங் அப்துர் ரஹ்மான். தெமெங்கோங் என்பது பழைய ஜொகூர்-ரியாவ் இராஜ்யத்தின் பெரும் பதவிகளில் ஒன்று. 1819ஆம் ஆண்டு ராஃபிள்ஸ் துரை சிங்கப்பூரில் வந்திறங்கியபோது அத்தீவில் அதிகாரம் செலுத்தி வந்தவர் இவரே. ஆங்கிலக் கம்பெனியார் அங்கே பண்டகசாலை அமைத்துக்கொள்ள, இவரும் ஸுல்தான் ஹுஸைன் ஷாவும் அவ்வாண்டு பிப்ரவரி 6ஆம் தேதி உடன்படிக்கை செய்துகொண்டனர். தங்க இடம் கொடுத்தார்களே தவிரத் தீவைக் கொடுக்கவில்லை.

ஐந்தே ஆண்டுகளில் நிலைமை தலைகீழாயிற்று. 1824 மார்ச் 17ஆம் தேதி லண்டனில் ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் கூடி ஓர் ஒப்பந்தம் எழுதினர். பழைய இராஜ்யம் அதனால் இரண்டாகப் பிளந்தது. ரியாவ், லிங்கா தீவுகள் டச்சுக்காரர் பக்கம் போயின. சிங்கப்பூரும் தீபகற்பமும் ஆங்கிலேயர் பக்கம் வந்தன. அந்த மேஜையில் மலாய்க்காரர் ஒருவர்கூட உட்காரவில்லை. அதே ஆண்டு ஆகஸ்டு 2ஆம் தேதி கிராஃபர்டு துரை முடித்த மற்றோர் உடன்படிக்கையால் சிங்கப்பூர் முழுவதும் கம்பெனிக்கே சொந்தமாயிற்று. ஈடாக ஸுல்தானுக்கு ரொக்கம் 33,200 வெள்ளியும் மாதம் 1,300 வெள்ளியும் கிடைத்தன. தெமெங்கோங்குக்கு ரொக்கம் 26,800 வெள்ளி, மாதம் 700 வெள்ளி. மறு ஆண்டே தெமெங்கோங் காலமானார்.

பீரங்கி முழங்கவில்லை, இரத்தம் சிந்தவில்லை. இரண்டு காகிதங்களில் முத்திரை விழுந்தது. ஓர் இராஜ்யம் பிளந்து, ஒரு தீவும் கைமாறியது. இந்தக் குடும்பத்தில்தான் அபூபக்கர் பிறந்தார்.

பிறப்பும் கல்வியும்

1833 பிப்ரவரி 3ஆம் தேதி சிங்கப்பூர் தெலுக் பிளாங்காவில் தெமெங்கோங் தாயேங் இப்ராஹீமின் மகனாக அவர் பிறந்தார். அந்நாளில் குடும்பத்துக்கு எஞ்சியிருந்தவை கடலோரக் கிராமம் ஒன்றும், ஜலசந்திக்கு அப்பால் ஆள் நடமாட்டம் குறைந்த பெருங்காடுமே. தந்தையார் கெட்டிக்காரர். கட்டாபெர்ச்சா என்னும் காட்டு மரப்பாலுக்கு 1840களில் ஐரோப்பாவில் கிராக்கி ஏற்பட்டது. பின்னர் கடலடித் தந்திக் கம்பிகளுக்கு உறையாகவும் அது பயன்பட்டது. அந்தச் சரக்கைத் தம் கையில் வைத்து வாணிபம் செய்து குடும்பத்தைத் தூக்கி நிறுத்தியவர் தாயேங் இப்ராஹீம்.

மகனை அவர் கீஸ்பரி பாதிரியார் நடத்திய பள்ளியில் சேர்த்தார். அங்கே அபூபக்கர் மலாயும் ஆங்கிலமும் கற்றார். பாதிரியார் பள்ளியில் படித்ததால் அவருடைய மார்க்கப் பற்றுக் குறைந்துவிடவில்லை என்பதற்குப் பிற்காலத்தில் அவர் எழுப்பிய பள்ளிவாசலே சாட்சி. ஆங்கிலேயரின் மொழியை மட்டுமின்றி, அவர்கள் எதற்கு அஞ்சுவார்கள், எதற்கு மதிப்புக் கொடுப்பார்கள் என்பதையும் அவர் அங்கேயே பழகிக்கொண்டார்.

நம் சமூகத்தார் அறிய வேண்டிய செய்தி ஒன்று உண்டு. கீஸ்பரி பாதிரியாருக்கு மலாய் மொழியில் துணை நின்றவர் புகழ்பெற்ற முன்ஷி அப்துல்லாஹ். நாகூரோடு வம்சத் தொடர்புடைய அவர் மலாக்காவில் தமிழும் கற்றவர். அவருடைய மகன் முஹம்மது இப்ராஹீம் முன்ஷி பின்னாளில் அபூபக்கரின் அரசாங்கத்தில் பணியேற்று, தத்தோ பெந்தாரா டாலம் என்னும் உயர்பதவியை அடைந்தார். ஆக, புதிய ஜொகூரைக் கட்டிய கைகளில் நாகூர் வழிவந்த கை ஒன்றும் இருந்தது.

பொறுப்பேற்றல்

1855 மார்ச் 10ஆம் தேதி ஏற்பட்ட உடன்படிக்கைப்படி, ஸுல்தான் ஹுஸைனின் மகன் அலீ ஸுல்தான் பட்டத்தையும் கீசாங்-மூவார் பகுதியையும் பெற்றார். ஜொகூரின் ஆட்சியுரிமை தெமெங்கோங் இப்ராஹீமிடம் வந்தது. அதற்காக அலீக்கு 5,000 வெள்ளி ரொக்கமும், மாதந்தோறும் 500 வெள்ளியும் கொடுப்பதென்று முடிவாயிற்று. இம்முறை காகிதம் இக்குடும்பத்துக்குச் சாதகமாக எழுதப்பட்டது. அவ்வாண்டே ஜலசந்தியின் வடகரையில் தஞ்சோங் புத்ரி என்ற ஊர் எழும்பிற்று.

1862 ஜனவரி 31ஆம் தேதி தந்தையார் காலமானார். 28 வயது அபூபக்கர் பொறுப்பேற்றார். 1866இல் தஞ்சோங் புத்ரிக்கு ஜொகூர் பாரு என்ற பெயர் சூட்டப்பட்டது. கடலோரத்து இஸ்தானா பெசார் அரண்மனையும் அவ்வாண்டிலேயே எழுந்தது.

ஆற்றுச் சீட்டு

காடு மட்டும் இருந்தால் அரசாங்கத்துக்கு வருமானம் ஏது? ஜொகூரில் சீனர்கள் வந்து மிளகும் காம்பியரும் பயிரிட்டனர். காம்பியர் என்பது வெற்றிலையோடு சேர்த்து மெல்லும் காசுக்கட்டி போன்றது. தோல் பதனிடவும் துணிக்குச் சாயமேற்றவும் ஐரோப்பியர் அதனை வாங்கினர். ஓர் ஆற்றங்கரையில் தோட்டம் திறக்க விரும்பும் சீனத் தலைவருக்கு அரசாங்கம் ஒரு சீட்டு எழுதிக் கொடுத்தது. மலாயில் அதற்கு ஸூராட் சுங்கை, அதாவது ஆற்றுச் சீட்டு என்று பெயர். நிலத்தின் எல்லை எது, தலைவரின் உரிமை என்ன, கடமை என்ன என்பவை அதில் அடங்கும். அத்தலைவருக்குக் காங்சு என்று பெயர். கங்கார் பூலாய், கங்கார் தெப்ராவ் என்று நாம் இன்றும் சொல்லும் ஊர்ப் பெயர்கள் அந்த ஏற்பாட்டின் எச்சங்களே.

தந்தையார் காலத்தில் தொடங்கிய இம்முறையை அபூபக்கர் ஒழுங்குக்குக் கொண்டுவந்தார். காங்சுகளுக்கென்றே 1873இல் ஒரு சட்டம் எழுதப்பட்டது. அரசாங்க வருமானத்தில் அபின், சாராயக் குத்தகைகளும் பெரும் பங்கு வகித்தன என்பதை மறைப்பதற்கில்லை. அக்காலத்தில் சிங்கப்பூரின் ஆங்கில அரசாங்கமும் அவ்விதக் குத்தகையிலேயே பெரிதும் நடந்துவந்தது. எனினும் நிலம் யாருக்குச் சொந்தம், உரிமை எந்த மட்டும் என்பது சீட்டில் தெளிவாக இருந்ததால், அந்நியர் ஆயிரக்கணக்கில் வந்து உழைத்தும் நாட்டின் உரிமை அரசாங்கத்தின் கையை விட்டுப் போகவில்லை.

முதலாளியை நேரில் கண்டவர்

சுற்றிலும் நடந்தவை அச்சமூட்டுபவை. 1874 ஜனவரியில் பங்கோர் உடன்படிக்கையால் பேராக்கில் ரெசிடெண்ட் என்ற ஆங்கில அதிகாரி அமர்ந்தார். மார்க்கமும் மலாய் வழக்கமும் தவிர மற்ற எல்லா விஷயங்களிலும் அவர் யோசனைப்படியே ஸுல்தான் நடக்க வேண்டும் என்பது நிபந்தனை. மறு ஆண்டு நவம்பரில் முதல் ரெசிடெண்ட் பர்ச் கொல்லப்பட்டார். ஆங்கிலப் படை புகுந்தது. பேராக் ஸுல்தான் அப்துல்லாஹ் தொலைதூர ஸெய்ஷெல்ஸ் தீவுக்கு நாடு கடத்தப்பட்டார். ஸிலாங்கூரிலும் சுங்கை ஊஜோங்கிலும் 1874லேயே ஆங்கில அதிகாரிகள் அமர்ந்துவிட்டனர். பஹாங் 1888இல் அவ்வழியே சென்றது.

சிங்கப்பூர் கவர்னர்களுக்கு ஜொகூர் மீதும் கண் இருந்தது. அபூபக்கர் வாளை எடுக்கவில்லை; கப்பல் ஏறினார். 1866இலேயே லண்டன் சென்று விக்டோரியா மகாராணியாரைக் கண்டு திரும்பியவர் அவர். 1868இல் மகாராஜா என்ற பட்டத்தை மேற்கொண்டார். கவர்னர் நெருக்கும்போதெல்லாம் லண்டனில் உள்ள காலனி இலாகாவையே அவர் நாடினார். கிளைக் கடை மானேஜர் தொல்லை கொடுத்தால், தலைமைக் கடை முதலாளியை நேரில் கண்டு பேசும் வியாபாரியின் தந்திரமே இது. சிங்கப்பூரிலும் லண்டனிலும் தேர்ந்த வக்கீல்களின் யோசனையையும் பெற்று வந்தார். எந்தக் காகிதத்திலும் அவர் படித்துப் பாராமல் முத்திரை இடுபவரல்லர்.

அவர் வெள்ளையரோடு அளவுக்கு மீறி உறவாடினார் என்றும், பிரயாணங்களிலும் விருந்துகளிலும் பெரும் பணம் செலவிட்டார் என்றும் அக்காலத்திலேயே குறை சொல்லப்பட்டது. அண்டை நாட்டுத் தகராறுகளில் ஆங்கிலேயருக்கு அவர் ஆலோசகராக இருந்ததும் உண்மை. 1877இல் ஸுல்தான் அலீ காலமானதும் மூவார் பகுதி அவரிடமே வந்து சேர்ந்தது. அதனை எதிர்த்து 1879இல் ஜெமெந்தாவில் சண்டையும் மூண்டது. இவற்றையெல்லாம் சேர்த்தே அவருடைய கணக்கைப் பார்க்க வேண்டும். ஆனால் அவர் ஆண்ட காலம் முழுவதும் ஜொகூரில் ரெசிடெண்ட் யாரும் அமரவில்லை என்பதையும் அக்கணக்கில் வரவு வைக்க வேண்டும்.

உலக மன்னர்களிடம் கண்ட பாடம்

1881இல் ஹவாய்த் தீவுகளின் மன்னர் கலாகாவா உலகைச் சுற்றி வந்தபோது ஜொகூருக்கும் வந்து அபூபக்கரின் விருந்தாளியாகத் தங்கினார். 1883இல் அபூபக்கர் ஜப்பான் சென்று மெய்ஜி சக்கரவர்த்தியைச் சந்தித்தார். 1893இல் இஸ்தாம்பூல் சென்று, உதுமானிய கலீபா இரண்டாம் அப்துல் ஹமீதிடம் மரியாதையும் விருதும் பெற்றார். அவருடைய மனைவியருள் ஒருவரான கதீஜா ஹானும் துருக்கியப் பெண்மணியே.

இம்மன்னர்களின் நாடுகளை ஒப்பிட்டுப் பார்த்தால் ஒரு பெரும் பாடம் கிடைக்கிறது. உதுமானிய அரசு 1876இல் ஓர் அரசியல் சாசனத்தை வெளியிட்டது. ஆனால் 1878இலேயே அது நிறுத்தி வைக்கப்பட்டது. ஜப்பான் 1889இல் சாசனம் வகுத்து, அதனோடு படையையும் தொழிலையும் பெருக்கி வல்லரசாயிற்று. ஹவாயிலோ 1840 முதலே எழுதப்பட்ட சாசனம் இருந்தது. எனினும் நிலமும் சர்க்கரைத் தோட்டங்களும் பெரும்பாலும் வெள்ளையர் கைக்குப் போய்விட்டன. 1887இல் அவர்கள் ஆயுதம் காட்டி மிரட்டி, தங்களுக்கு ஏற்ற புதிய சாசனத்தில் மன்னரைக் கையொப்பமிடச் செய்தனர். 1893இல் அவருடைய சகோதரி இராணி லிலியுகலானியின் ஆட்சி கவிழ்க்கப்பட்டது. 1898இல் ஹவாய் அமெரிக்காவோடு சேர்க்கப்பட்டது. எகிப்திலோ கதீவ் இஸ்மாயீல் ஐரோப்பியரிடம் கடன்பட்டு 1879இல் பதவி இழந்தார். 1882இல் ஆங்கிலப் படை அங்கே இறங்கிற்று.

ஆகவே எழுத்து மட்டும் போதாது. யார் எழுதுகிறார்கள், எவர் கையில் பொருள் இருக்கிறது, எழுதியதைக் காக்க யார் நிற்கிறார்கள் என்பவையும் வேண்டும்.

ஸுல்தான் பட்டம்

1880களில் கவர்னராக இருந்த வெல்ட் துரை ஜொகூரில் ஆங்கில அதிகாரி ஒருவரை அமர்த்த விரும்பினார். அபூபக்கர் மீண்டும் லண்டன் சென்றார். 1885 டிசம்பர் 11ஆம் தேதி அங்கே உடன்படிக்கை ஏற்பட்டது. அதன்படி ஆங்கில அரசாங்கம் அவரை ஜொகூர் ஸுல்தானாக ஒப்புக்கொண்டது. அவர் கொடுத்த விலையும் சிறியதன்று. வெளிநாட்டு உறவுகள் ஆங்கிலேயரின் பொறுப்பில் சென்றன. ஜொகூரில் ஆங்கில ஏஜெண்டு ஒருவர் இருக்கவும் அதில் இடமிருந்தது. ஆனால் அபூபக்கரின் ஆயுள் உள்ளவரை அந்த ஏஜெண்டு வந்து அமரவே இல்லை! உடன்படிக்கையில் எழுதியிருந்தும் நடைமுறைக்கு வராமல் பார்த்துக்கொள்வதும் ஒரு சாமர்த்தியமே.

அந்த எழுத்தின் பலம் விரைவிலேயே தெரிந்தது. 1893இல் லண்டன் நீதிமன்றத்தில் அவர்மேல் ஒரு தனிப்பட்ட வழக்குத் தொடரப்பட்டது. அவர் சுதந்திர அரசர் என்று காலனி இலாகா நீதிமன்றத்துக்கு எழுதியது. சுதந்திர அரசரை அவருடைய சம்மதமின்றி அந்நாட்டு நீதிமன்றம் விசாரிக்க முடியாது என்று வழக்குத் தள்ளுபடியாயிற்று. உலகெங்கும் சட்டம் பயில்வோர் அத்தீர்ப்பை இன்றும் படிக்கின்றனர். ஆங்கிலேயரின் சொந்த நீதிமன்றமே ஜொகூரின் அரசுரிமைக்குச் சாட்சி எழுதிக் கொடுத்தது போலாயிற்று.

நாட்டினுள்ளும் எழுத்து வேலை நடந்தது. ஜாபர் பின் ஹாஜி முஹம்மது முதலாவது மந்திரி பெசாராக விளங்கினார். அப்துர் ரஹ்மான் அண்டாக் என்னும் ஆங்கிலம் தேர்ந்த மலாய்க்காரர் செயலாளராக இருந்து, லண்டன் பேச்சுகளில் வலக்கையாகத் துணை நின்றார். முஹம்மது ஸாலிஹ் பெராங் நிலம் அளந்து வரைபடம் தயாரித்தார். அரசாங்க அலுவல் மலாய் மொழியிலேயே நடந்தது. 1888இல் மொழி வளர்ச்சிக்கென ஒரு சங்கமும் ஜொகூரில் தோன்றிற்று.

சாசனம்

1895 ஏப்ரல் 14ஆம் தேதி ஸுல்தான் அபூபக்கர் ஜொகூருக்கு ஓர் அரசியல் சாசனத்தை வழங்கினார். உண்டாங்-உண்டாங் துபோ கெராஜாஆன் ஜொகூர் என்பது அதன் பெயர். மலாய் நாடுகளிலேயே எழுதப்பட்ட முதல் அரசியல் சாசனம் இது. அரசுரிமை யாருக்கு, மந்திரிகள் சபை எது, மாநிலச் சபை எது, அவற்றின் கடமை என்ன என்பவை அதில் வகுக்கப்பட்டன. அரசர் மலாய்க்காரராகவும் முஸ்லிமாகவும் இருத்தல் வேண்டும். அரசாங்கத்தின் மார்க்கம் இஸ்லாம். பிற மதத்தார் தம் வழிபாட்டை அமைதியாக நடத்தலாம் என்றும் விதிக்கப்பட்டது.

எல்லாவற்றிலும் முக்கியமானது அதன் 15ஆம் பிரிவு. நாட்டையோ நாட்டின் எந்தப் பகுதியையோ ஐரோப்பிய அரசுக்கோ வேறெந்த அந்நிய அரசுக்கோ ஒப்புக்கொடுக்க அரசருக்கு அதிகாரமில்லை என்று அது கூறுகிறது. பாட்டனார் காலத்தில் ஒரு தீவு ஒரு காகிதத்தால் போயிற்று. பேரர் இன்னொரு காகிதத்தால் அந்தக் கதவைப் பூட்டினார்; தம் சந்ததியாரின் கையையும் சேர்த்தே கட்டினார். அரசர் ஒருவர் தம் அதிகாரத்துக்குத் தாமே எல்லை வகுப்பது எளிதன்று.

சாசனம் வழங்கி 51 நாட்களே ஆகியிருந்தன. லண்டன் சென்றிருந்த ஸுல்தான் 1895 ஜூன் 4ஆம் தேதி அங்கேயே நோயுற்று வஃபாத்தானார். இன்னா லில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன். அவருடைய ஜனாஸா கடல் கடந்து கொண்டுவரப்பட்டு, செப்டம்பர் 7ஆம் தேதி ஜொகூர் பாருவில் மஹ்மூதியா அரச மையத்தில் நல்லடக்கம் செய்யப்பட்டது. 1892இல் அவர் தொடங்கிய பள்ளிவாசல் 1900இல்தான் கட்டி முடிந்தது. அதில் தொழும் பாக்கியம் அவருக்குக் கிட்டவில்லை, நமக்குக் கிட்டியிருக்கிறது.

அவருக்குப் பின்

அவர் மறைந்த மறு ஆண்டு, 1896இல், பேராக், ஸிலாங்கூர், நெகிரி ஸெம்பிலான், பஹாங் ஆகிய நான்கும் ஆங்கிலேயரின் கீழ்க் கூட்டு மாநிலங்களாக இணைக்கப்பட்டன. ஜொகூர் அதில் சேரவில்லை. எனினும் காலத்தின் நெருக்கடியை என்றென்றைக்கும் தடுக்க இயலவில்லை. மகனார் ஸுல்தான் இப்ராஹீம் காலத்தில், 1910இல் ஆங்கில ஆலோசகர் ஒருவர் வந்தார். 1914இல் அவருடைய அதிகாரம் பெருகிற்று. மலாய் நாடுகளில் ஆங்கில ஆலோசகரின் அதிகாரத்துக்குக் கடைசியாக உட்பட்டது ஜொகூரே.

ஆனால் எழுத்து உறங்கவில்லை. இரண்டாம் உலக யுத்தம் முடிந்ததும் ஆங்கிலேயர் மலாயன் யூனியன் என்ற திட்டத்தைக் கொண்டுவந்து 1946 ஏப்ரல் 1ஆம் தேதி நிறுவினர். மலாய் அரசர்களின் ஆட்சியுரிமை இங்கிலாந்து மன்னருக்கு மாற்றப்படுவதைக் கண்டு மக்கள் கொதித்தெழுந்தனர். அப்போது ஜொகூர் மக்கள் 1895ஆம் ஆண்டுச் சாசனத்தைத்தான் எடுத்துக் காட்டினர். நாட்டை ஒப்புக்கொடுக்க எவருக்கும் உரிமையில்லை என்று மர்ஹூம் ஸுல்தான் எழுதி வைத்தது 51 ஆண்டுகளுக்குப் பின் அவர்களுக்கு ஆயுதமாயிற்று. அம்னோ கட்சி 1946 மே 11ஆம் தேதி உருவானதும் ஜொகூர் பாரு இஸ்தானா பெசாரிலேதான். அதன் முதல் தலைவர் தத்தோ ஓன், அபூபக்கரின் மந்திரி பெசார் ஜாபரின் மகன். 1948 பிப்ரவரி 1ஆம் தேதி மலாயன் யூனியன் ஒழிந்து மலாயாக் கூட்டரசு பிறந்தது. 1957இல் சுதந்திரம் வந்தது. ஜொகூரின் அந்தச் சாசனமோ பிற்காலத் திருத்தங்களோடு இன்றும் நிலவுகிறது.

வர்த்தகப் பெருமக்களே! கப்பற்படையும் பீரங்கியும் இல்லாத சிறு நாட்டின் அரசர் தம் எழுதுகோலையும் முன்யோசனையையும் கொண்டு தம் காலத்தைக் கடந்தார். நம்மில் எத்தனையோ பேர் பங்காளியோடு வாய்ப்பேச்சில் வியாபாரம் செய்கிறோம். கடை யார் பெயரில், வாடகைச் சீட்டு எந்த மட்டும், பங்கு எவ்வளவு, நமக்குப் பின் யாருக்கு என்பதை எழுதி வைக்காமலேயே கண்மூடி விடுகிறோம். பிறகு பிள்ளைகளும் பங்காளிகளும் கோர்ட்டு வாசலில் நிற்கின்றனர். நம்பிக்கை இருக்கும்போதே எழுதிக்கொள்வதுதான் நம்பிக்கையைக் காக்கும் வழி. வஸிய்யத் எழுதி வைத்துக்கொள்ளுமாறு நம் மார்க்கமும் நம்மைத் தூண்டுகிறது.

அடுத்த ஜும்ஆவுக்கு அந்த மேட்டுப் பள்ளிவாசலுக்குச் செல்லும்போது, அதனை எழுப்பியும் அதில் தொழக் கொடுத்து வைக்காத அந்தப் பெருமகனாருக்காக ஒரு ஃபாத்திஹா ஓதுவோமாக. அல்லாஹு தஆலா அன்னாரின் குறைகளைப் பொறுத்து, மறுமையில் உயர்பதவி அளிப்பானாக. ஆமீன்.